ஈஎம்டி விலக்கு மறுத்துவிட்டார்கள், ஹைகோர்ட்டுக்குப் போகலாமா?

கேள்வி:

ஐயா, வணக்கம். கோவைக்குப் பக்கத்தில் நானும் என் தம்பியும் இரும்புப் பீரோ, ரேக், பள்ளிக்கூட பெஞ்சு, டெஸ்க் செய்யும் பட்டறை வைத்திருக்கிறோம். சிறுதொழிலுக்கான மத்திய அரசின் உத்யம் பதிவு இருக்கிறது, மைக்ரோ (குறுந்தொழில்) பிரிவு. போன மாதம் ஒரு மத்தியப் பொதுத்துறை நிறுவனம் 38 லட்சம் ரூபாய்க்கு லாக்கரும் ரேக்கும் கேட்டு டெண்டர் விட்டது. ஈஎம்டி, அதாவது டெண்டரோடு கட்டும் முன்வைப்புத் தொகை, 76,000 ரூபாய். சிறுதொழிலுக்கு விலக்கு உண்டு என்பதால் பணம் கட்டாமல் உத்யம் சான்றிதழை மட்டும் வைத்தேன். 'ஈஎம்டி இல்லை' என்று, விலையைப் பார்ப்பதற்கு முன் தகுதி பார்க்கும் டெக்னிக்கல் பிட்டிலேயே தள்ளிவிட்டார்கள். போன் போட்டுக் கேட்டால், சான்றிதழில் 'டிரேடிங்' என்று இருக்கிறதாம். ஆரம்பத்தில் நாங்கள் பீரோ வாங்கி விற்றுக்கொண்டிருந்தோம், அப்போது போட்ட பதிவு அது. நிராகரித்த மறுநாளே 'உற்பத்தி' என்று சேர்த்துவிட்டேன்.

இன்னொன்று. மாநில அரசு அமைப்பு ஒன்று சுமார் 3 கோடிக்குப் பள்ளி பெஞ்சு கேட்டிருக்கிறது. அறிவிப்பு வந்து ஒரு வாரம் ஆகிறது, இன்னும் 9 நாள் இருக்கிறது. மூன்று வருட சராசரி டர்ன்ஓவர் 5 கோடி இருக்க வேண்டுமாம். அதே துறைக்கு ஏற்கெனவே 2 கோடிக்கு சப்ளை செய்திருக்கவும் வேண்டுமாம். எங்கள் டர்ன்ஓவர் வருடத்துக்கு 1.4 கோடி. சிறுதொழிலுக்கு இதிலும் தளர்வு உண்டுதானே? இரண்டுக்கும் சேர்த்து ஹைகோர்ட்டில் ஒரு கேஸ் போட்டுவிடலாமா? போன வருடம் வெறும் டிரேடர் ஒருவர் ஈஎம்டி கட்டாமலேயே ஆர்டர் வாங்கினார். அவருக்கு ஒரு சட்டம், எனக்கு ஒரு சட்டமா?

பதில்:

நண்பருக்கு வணக்கம். பெஞ்சு டெண்டருக்கு நாள் குறைவாக இருந்ததால், உங்கள் கடிதம் கிடைத்த அன்றே செய்ய வேண்டியதை மின்னஞ்சலில் சுருக்கமாகச் சொல்லிவிட்டேன். இதே சிக்கலோடு வருகிறவர்கள் நிறையப் பேர் இருப்பதால் இங்கே விரிவாக எழுதுகிறேன்.

இரண்டுக்கும் சேர்த்து ஒரே கேஸ் என்பது நடக்காது. டெண்டர் விட்டவர்கள் வேறு, பொருந்தும் சட்டம் வேறு, உங்கள் குறையும் வேறு. அதைவிட முக்கியமாக ஒன்று சொல்ல வேண்டும். எந்தக் கேஸில் அநியாயம் நடந்ததாகக் கொதிக்கிறீர்களோ, அந்த லாக்கர் கேஸ் பலவீனமானது. பெஞ்சு டெண்டரைப் பற்றிப் போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்களே, அங்கேதான் நல்ல பிடி இருக்கிறது. அதற்கு அப்புறம் வருகிறேன்.

முதலில் லாக்கர். டெண்டர் திறந்த பிறகு 'எனக்குக் கட்டுப்படியாகாது' என்று யாரும் நழுவிவிடக் கூடாது என்பதற்காகப் பிடித்து வைக்கும் பணம்தான் ஈஎம்டி. மத்திய அரசின் பொது நிதி விதிகளில் 2 முதல் 5 சதவீதம் என்று இருக்கிறது. உங்களிடம் கேட்டது சரியாக 2 சதவீதம். குறு, சிறு தொழில்களுக்கு இதிலிருந்து விலக்கு உண்டு என்பது உண்மை. 2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் வளர்ச்சிச் சட்டத்தின் 11ஆம் பிரிவில் வந்த 2012ஆம் ஆண்டு கொள்முதல் ஆணை அதைத் தருகிறது. டெண்டர் படிவம் இலவசம், ஈஎம்டி இல்லை. எல்1 விலையிலிருந்து, அதாவது வந்ததிலேயே குறைந்த விலையிலிருந்து, 15 சதவீதத்துக்குள் நம் விலை இருந்தால், எல்1 விலைக்கே இறங்கி வந்து ஒரு பங்கு ஆர்டர் வாங்கவும் வழி உண்டு. இந்த ஆணை வெறும் வழிகாட்டி இல்லை, சட்டத்தின் வலு உள்ளது என்று லைஃப்கேர் இன்னொவேஷன்ஸ் வழக்கில் 2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது.

சரி, பிறகு ஏன் தள்ளினார்கள்? தானே செய்து கொடுக்கிற சிறுதொழிலுக்கு அரசு வாங்குவதில் இடம் கிடைக்க வேண்டும் என்பதுதான் அந்த ஆணையின் நோக்கம். சரக்கை வாங்கிக் கைமாற்றி விற்பவருக்கு அது பொருந்தாது. 2021 ஜூலையில் சில்லறை, மொத்த வியாபாரிகளையும் உத்யத்தில் பதிய அனுமதித்தார்கள். அப்போதே, அவர்களுக்குக் கிடைப்பது வங்கிகளின் முன்னுரிமைக் கடன் மட்டும்தான், மற்ற சலுகைகள் கிடையாது என்றும் சேர்த்தே சொன்னார்கள். பலர் இதைக் கவனிப்பதில்லை. உத்யம் சான்றிதழை ஃபிரேம் போட்டு மாட்டிவிட்டு, எல்லா விலக்கும் அதில் இருப்பதாக நினைத்துக்கொள்கிறார்கள். அதிகாரி பார்ப்பது 'மைக்ரோ' என்ற சொல்லை மட்டுமல்ல. கீழே இருக்கிற தொழில் வகையையும், அங்கே கொடுத்திருக்கிற, என்ன தொழில் என்று காட்டும் என்ஐசி குறியீட்டையும் பார்க்கிறார். லாக்கர் டெண்டரில் உங்கள் சான்றிதழைப் பார்த்த அதிகாரிக்கு நீங்கள் பீரோ வியாபாரி, அவ்வளவுதான். உங்கள் வெல்டிங் மெஷின் சத்தம் அவருக்குக் கேட்காது.

மறுநாளே மாற்றிவிட்டேன் என்கிறீர்கள். நல்லது, அடுத்த டெண்டருக்கு உதவும். ஆனால் டெண்டர் போடக் கடைசி நாள் எதுவோ, அன்றைக்கு உங்களுக்குத் தகுதி இருந்ததா என்றுதான் கேட்பார்கள். அதற்குப் பிறகு வந்த தாள் அந்த டெண்டருக்குள் நுழையாது. நுழைய விட்டால், ஒழுங்காக 76,000 கட்டிவிட்டுப் போட்டியில் நிற்கும் இன்னொருவர் நாளைக்கே ஹைகோர்ட்டுக்குப் போவார். அவர் கேட்பதும் நியாயமாகத்தான் இருக்கும்.

ஒரு சின்னச் சந்து இருக்கிறது. மத்திய அரசின் கொள்முதல் கையேட்டில், டெண்டர் திறப்பதற்கு முன்பே இருந்து, பிறகு மாற்றம் எதுவும் ஆகாத ஆவணத்தை இணைக்க விட்டுப்போயிருந்தால், அதை அதிகாரி கேட்டு வாங்கிக்கொள்ளலாம் என்று இருக்கிறது. திருத்திய உத்யம் அதில் வராது. ஆனால் உங்கள் ஜிஎஸ்டி பதிவில் ஆரம்பத்திலிருந்தே 'உற்பத்தியாளர்' என்று இருக்கிறதா? பட்டறைக்குத் தொழிற்சாலை உரிமமோ, தொழிலக மின் இணைப்போ பழைய தேதியில் இருக்கிறதா? இருந்தால் அவற்றை வைத்து, 'நாங்கள் உற்பத்தியாளர்தான், உத்யத்தில் மட்டும் பழைய பதிவு நின்றுவிட்டது' என்று அந்த நிறுவனத்துக்கு ஒரு மனு கொடுங்கள். போனில் பேசாதீர்கள், எழுத்தில் கொடுத்து எழுத்தில் பதில் வாங்குங்கள். பிரைஸ் பிட், அதாவது விலை உறை, திறக்காமல் இருந்தால் ஒருவேளை கேட்பார்கள். திறந்துவிட்டார்கள் என்றால் விட்டுவிடுங்கள்.

ஈஎம்டி மாதிரிச் சின்ன விஷயத்துக்கெல்லாம் தள்ளக்கூடாது என்று கோர்ட்டே சொல்லியிருக்கிறதே என்று யாராவது உங்களிடம் சொல்லலாம். பாதி உண்மை. அது 1991இல் வந்த போத்தார் ஸ்டீல் வழக்கு. வாரணாசியில் ரயில்வேயின் டீசல் இன்ஜின் தொழிற்சாலை பழைய இரும்பை விற்க டெண்டர் விட்டது. ஈஎம்டியைப் பணமாகவோ ஸ்டேட் வங்கி டிடியாகவோ கொடு என்றது நிபந்தனை. போத்தார் ஸ்டீல் கொடுத்தது யூனியன் வங்கி சான்றளித்த காசோலை. உச்ச நீதிமன்றம் அதைப் பெரிதாக எடுக்கவில்லை. நிபந்தனைகளில் உயிரானவை வேறு, துணையானவை வேறு, துணையானதில் சின்ன விலகல் இருந்தால் அதிகாரி அதை விட்டுக்கொடுக்கலாம் என்றது. இந்தத் தீர்ப்பை முப்பது வருடங்களுக்கும் மேலாக எல்லா வக்கீலும் மேற்கோள் காட்டுகிறோம், நான் உட்பட.

ஆனால் அதில் இரண்டு விஷயம் கவனிக்க வேண்டும். அங்கே பணம் இருந்தது, வங்கி மட்டும்தான் மாறியிருந்தது. உங்கள் கேஸில் பணமே இல்லை. இரண்டாவது, அங்கே விட்டுக்கொடுத்தது அதிகாரி. அவர் விட்டுக்கொடுத்தது சரிதான் என்று கோர்ட் சொன்னது. விட்டுக்கொடுக்காத அதிகாரியைக் கட்டாயப்படுத்துவது முற்றிலும் வேறு கதை. 2016இல் சென்ட்ரல் கோல்ஃபீல்ட்ஸ் வழக்கில், குறித்த படிவத்தில் இல்லாத பேங்க் கேரண்டியை நிறுவனம் நிராகரித்தது சரி என்றே உச்ச நீதிமன்றம் சொன்னது. எது உயிரான நிபந்தனை என்பதை டெண்டர் விட்டவர்தான் முடிவு செய்வார், நீதிமன்றம் அவர் நாற்காலியில் உட்கார்ந்து முடிவு செய்யாது என்கிற போக்கு அதன் பிறகு கெட்டியாகிவிட்டது. 1991ஐ மட்டும் சொல்லி 2016ஐச் சொல்லாத வக்கீலிடம் பீஸ் கொடுக்கும் முன் ஒருமுறை யோசியுங்கள்.

கணக்காகவும் பாருங்கள். 38 லட்சத்தில் உங்களுக்கு எவ்வளவு நிற்கும்? ஒரு மூன்று, நான்கு லட்சம் நிற்குமா? ரிட் மனு, சென்னைக்கு அலைச்சல், நாலைந்து வாய்தா எல்லாம் சேர்ந்தால் அதில் பெரும் பங்கு போய்விடும். ஜெயித்தாலும் கோர்ட் ஆர்டரைத் தூக்கி உங்களிடம் கொடுக்காது, 'மறுபடி பரிசீலி' என்றுதான் சொல்லும். இந்தக் கேஸ் வேண்டாம்.

போன வருடம் ஆர்டர் வாங்கிய டிரேடரைப் பற்றிக் கேட்டீர்கள். அவருக்கு விலக்கு கொடுத்தது தவறு என்றே வைத்துக்கொள்வோம். ஒருவருக்குத் தவறாகக் கொடுத்ததை எனக்கும் கொடு என்று கேட்க அரசியலமைப்பின் 14ஆவது பிரிவு இடம் தராது. சமத்துவம் என்பது சட்டப்படி உள்ளதில்தான், தவறில் இல்லை. அந்த டெண்டரில் நீங்கள் விலையில் அவருக்கு அடுத்த எல்2 ஆக இருந்து, அவர் இல்லாவிட்டால் உங்களுக்கு வந்திருக்கும் என்றால் அப்போதே, பத்து நாளைக்குள் கேட்டிருக்க வேண்டிய கேள்வி அது. பொருள் சப்ளை ஆகி பில்லும் பாஸான பிறகு கோர்ட் திரும்பிப் பார்க்காது. தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு மதிப்பீட்டு அறிக்கையை வாங்கி வையுங்கள், அந்த அலுவலகம் அடுத்த டெண்டர் விடும்போது கையில் இருக்கும். அவ்வளவுக்குத்தான் அது.

இனி பெஞ்சு டெண்டர். ஈஎம்டி விலக்கையும் தகுதித் தளர்வையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்கிறீர்கள். உங்களை மட்டும் குறை சொல்ல முடியாது, சில அதிகாரிகளே அப்படித்தான் பேசுகிறார்கள். மத்திய அரசு டெண்டர்களில் தகுதியுள்ள சிறுதொழிலுக்கு ஈஎம்டி விலக்கு கொடுத்தே ஆக வேண்டும். முன் அனுபவம், டர்ன்ஓவர் ஆகியவற்றில் தளர்வு என்பது 2016இல் வந்த சுற்றறிக்கைகளில் இருந்து வருகிறது. தரமும் தொழில்நுட்ப விவரமும் சரியாக இருந்தால் தளர்த்தலாம் என்கிறது அது. 'லாம்' என்ற அந்த ஒரு விகுதியில்தான் பாதி வழக்குகள் தோற்கின்றன. தளர்த்துவதா வேண்டாமா என்பது வாங்குகிறவர் விருப்பம். மருந்து, பாதுகாப்புக் கருவி போன்றவற்றில் தளர்த்த மாட்டோம் என்று அவர்கள் சொன்னால் கோர்ட் கேள்வி கேட்பது அரிது.

இதெல்லாம் மத்திய அரசுக்கு. நீங்கள் போட நினைப்பது மாநில அமைப்பின் டெண்டர். 2012ஆம் ஆண்டு ஆணை மாநில அரசைக் கட்டாது. இங்கே 1998ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளி வெளிப்படைத்தன்மைச் சட்டமும் 2000ஆம் ஆண்டின் விதிகளும்தான் பேசும். அந்த விதிப்படி ஈஎம்டி சாதாரணமாக 1 சதவீதத்துக்கு மேல் போகக்கூடாது. விலக்கு யாருக்கு என்றால், மாநில அரசு தனியாகக் குறிப்பிட்டு விலக்களித்த பிரிவினருக்கு மட்டும். டெண்டர் படிவத்தில் எந்த அரசாணையைச் சொல்லியிருக்கிறார்கள் என்று பார்த்து, அதில் சொன்ன சான்று உங்களிடம் இருந்தால் மட்டும் விலக்கு கேளுங்கள். கொஞ்சம் சந்தேகம் இருந்தாலும் பணத்தைக் கட்டிவிடுங்கள். திரும்பி வரப்போகிற பணம்தானே. திரும்பி வரக் கொஞ்சம் தாமதமாகும் என்பது வேறு விஷயம்.

5 கோடி டர்ன்ஓவர் அதிகமா? மத்திய ஊழல் கண்காணிப்பு ஆணையம் 2002 டிசம்பரில் கட்டுமானப் பணிகளுக்காக ஓர் அளவுகோல் சொன்னது. கடந்த மூன்று ஆண்டின் சராசரி டர்ன்ஓவர், மதிப்பீட்டுத் தொகையில் 30 சதவீதம் இருந்தால் போதும் என்றது. 3 கோடிக்கு அது 90 லட்சம், உங்களிடம் 1.4 கோடி இருக்கிறது. அவர்கள் கேட்பதோ மொத்த மதிப்பையும் தாண்டி 5 கோடி. இது மாநில அமைப்பைக் கட்டாது, பெஞ்சு கட்டுமானமும் இல்லை. ஆனாலும் நியாயமான அளவு எது என்று காட்டக் கையில் ஒரு கோல் இருப்பது நல்லது.

ஆனால் டர்ன்ஓவரை மட்டும் வைத்துக் கோர்ட்டுக்குப் போகாதீர்கள். டெல்லி அரசு பள்ளிகளில் கணினி வகுப்பு நடத்த 20 கோடி டர்ன்ஓவர் கேட்டதை எஜுகாம்ப் வழக்கில் 2004இல் உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. கர்நாடக அரசுப் போக்குவரத்துக் கழகம் டயர் வாங்கப் போட்ட கடுமையான நிபந்தனைகளையும் 2012இல் மிச்சிகன் ரப்பர் வழக்கில் ஏற்றது. எவ்வளவு பெரிய ஆளிடம் வாங்குவது என்பது வாங்குகிறவர் பாடு என்பதுதான் பொதுவான பார்வை.

'அதே துறைக்கு 2 கோடி சப்ளை' என்பது அப்படியில்லை. இங்கே கோர்ட் காது கொடுக்கும். சத்தீஸ்கரில் அரசுப் பள்ளிகளுக்கு விளையாட்டுப் பொருள் வாங்க டெண்டர் விட்டார்கள். முந்தைய மூன்று நிதியாண்டுகளில் சத்தீஸ்கர் அரசு அமைப்புகளுக்கே குறைந்தது 6 கோடிக்குச் சப்ளை செய்தவராக இருக்க வேண்டும் என்று நிபந்தனை. வேறு மாநிலங்களுக்குச் சப்ளை செய்த வினிஷ்மா டெக்னாலஜீஸ் எதிர்த்துப் போனது. அங்கத்திய ஹைகோர்ட் தள்ளியது, 2025 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அந்த நிபந்தனையையும் டெண்டர் அறிவிப்புகளையும் ரத்து செய்தது. எல்லோருக்கும் சமமான களம் வேண்டும், ஏற்கெனவே உள்ளே இருப்பவர்களே மறுபடி உள்ளே இருக்கும்படி வேலி போடக்கூடாது என்பதுதான் சாரம். உங்கள் டெண்டர் அதைவிடக் குறுகலானது. அங்கே ஒரு மாநில அரசு முழுவதையும் சொன்னார்கள், இங்கே ஒரே ஒரு துறையைச் சொல்கிறார்கள். தனியார் பள்ளிக்குச் செய்து கொடுத்த பெஞ்சில் உட்காரும் பிள்ளைக்கும் அரசுப் பள்ளி பெஞ்சில் உட்காரும் பிள்ளைக்கும் என்ன வித்தியாசம் என்று கேட்டால், அந்தத் துறையிடம் பதில் இருக்காது.

ஒரு எச்சரிக்கை. 'அதே துறை' என்பது போனாலும் '2 கோடி' நிற்கலாம். நான் சொன்ன அதே 2002 அளவுகோல்படி பார்த்தால், ஒரே சப்ளை என்றால் 80 சதவீதம், அதாவது 2.4 கோடி வரை கேட்கலாம். ஆக 2 கோடி என்பது தன்னளவில் அதிகம் இல்லை. அது ஒரே ஆர்டரா, மூன்று வருடத்துக்கும் சேர்த்தா என்று படிவத்தில் பாருங்கள். சேர்த்து என்றால், மூன்று வருடத்தில் மொத்தம் 4.2 கோடி விற்ற உங்களுக்கு, பெஞ்சு மட்டும் 2 கோடியைத் தொட்டதா என்று பில்களைக் கூட்டிப் பாருங்கள். தொடவில்லை என்றால், வேலியை உடைத்த பலனை வேறு யாரோ அனுபவிப்பார்கள். செலவு மட்டும் உங்களுடையது.

இப்போது அந்த ஒரு வரி. 'அறிவிப்பு வந்து ஒரு வாரம், இன்னும் 9 நாள்' என்று எழுதியிருக்கிறீர்கள். கூட்டினால் 16 நாள். நம் மாநில விதிகளில் 2 கோடி வரை 15 நாள், 2 கோடிக்கு மேல் என்றால் 30 நாள் அவகாசம் தந்தாக வேண்டும். குறைக்க வேண்டுமென்றால், டெண்டர் விடுபவருக்கு மேலே இருக்கிற அதிகாரி காரணத்தை எழுத்தில் பதிந்து அனுமதிக்க வேண்டும். 3 கோடி டெண்டருக்கு 16 நாள் என்றால், ஒன்று அப்படி ஓர் ஆணை கோப்பில் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் டெண்டரின் அடித்தளமே ஆடுகிறது. டர்ன்ஓவர் எவ்வளவு இருக்கலாம் என்று வாதாடினால் நீதிபதி அதிகாரியின் முகத்தைப் பார்ப்பார். விதியில் 30 நாள், கொடுத்தது 16 என்றால் காலண்டரைப் பார்ப்பார்.

நீதிமன்றம் என்ன கேட்கும் என்பது 1994இன் டாடா செல்லுலார் தீர்ப்பிலிருந்து கிட்டத்தட்ட மாறவே இல்லை. முடிவு சரியா என்று பார்க்காது, முடிவுக்கு வந்த வழி சரியா என்று பார்க்கும். 2006 டிசம்பரில் ஜகதீஷ் மண்டல் வழக்கில் அதையே இரண்டு கேள்வியாகச் சுருக்கினார்கள். கெட்ட எண்ணமோ, ஒருவருக்குச் சாதகம் செய்யும் நோக்கமோ, பொறுப்புள்ள யாரும் எடுக்காத அளவுக்கு ஏறுக்குமாறான முடிவோ இருக்கிறதா? பொதுநலன் பாதிக்கப்படுகிறதா? இரண்டுக்கும் 'இல்லை' என்றால் கதவு மூடிவிடும். அதனால் மனுவில் 'நான் சின்னத் தொழில்காரன், கடன் வாங்கி நடத்துகிறேன்' என்று நாலு பக்கம் எழுதுவதால் பயனில்லை. கட்சிக்காரர்கள் அதைத்தான் எழுதச் சொல்வார்கள்.

வரிசையைத் தவறவிடாதீர்கள். முதலில் எழுத்தில் ஒரு கடிதம். 30 நாள் ஏன் தரவில்லை, குறைத்ததற்கான ஆணை எங்கே, 'அதே துறை' என்ற கட்டுப்பாட்டுக்குக் காரணம் என்ன, நீக்குவீர்களா என்று நான்கே கேள்வி. மின்னஞ்சலிலும் பதிவுத் தபாலிலும் அனுப்புங்கள். டெண்டர் போடுமுன் சந்தேகம் கேட்கும் பிரீ-பிட் கூட்டம் இருந்தால் நேரில் போய் மினிட்ஸில் உங்கள் கேள்வி ஏறியதா என்று பார்த்துவிட்டு வாருங்கள். பல நேரம் இதிலேயே ஒரு திருத்த அறிவிப்பு வந்துவிடும். தேதி தள்ளிப்போகும், நிபந்தனையும் கொஞ்சம் இளகும். மூன்று, நான்கு நாளில் பதில் இல்லை என்றால் கடைசி நாளுக்கு முன்பே ரிட் மனு. கோவைக்கு சென்னையில் உள்ள முதன்மை அமர்வுதான், மதுரை இல்லை.

'போட்டுப் பார்ப்போம், கிடைக்காவிட்டால் கேஸ் போடலாம்' என்று மட்டும் நினைக்காதீர்கள். நிபந்தனையைத் தெரிந்து, ஏற்றுக்கொண்டு கலந்துகொண்டவர் தோற்ற பிறகு அந்த நிபந்தனை தவறு என்றால் கோர்ட்டுக்குப் பிடிக்காது. தகுதி இல்லாததால் போட முடியாதவர் அந்தத் தகுதி நிபந்தனையை முன்கூட்டியே எதிர்க்கலாம். ஒருவேளை டெண்டர் போட்டு, வேறொருவருக்கு முடிவாகி, மதிப்பீட்டில்தான் தவறு என்று நீங்கள் சொல்வதானால், அதற்கு ஹைகோர்ட் முதல் படி இல்லை. 1998 சட்டத்தின் 11ஆம் பிரிவில் அரசுக்கு மேல்முறையீடு உண்டு, ஆணை கையில் கிடைத்த 10 நாளுக்குள். அதைச் செய்யாமல் வந்தால் 'அங்கே போய்விட்டு வா' என்று அனுப்பிவிடுவார்கள், அதற்குள் 10 நாள் போயிருக்கும். ஆர்டர் வாங்கியவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவரைக் கேட்காமல் அவர் ஆர்டரில் கை வைக்க மாட்டார்கள்.

ஸ்டே கிடைக்குமா என்று அடுத்து கேட்பீர்கள். 2022இல் என்.ஜி. புராஜெக்ட்ஸ் வழக்கிலிருந்து, டெண்டருக்குத் தடை கொடுப்பதில் நீதிமன்றங்கள் மிகவும் கையைச் சுருக்குகின்றன. சாலை, பாலம் போன்ற உள்கட்டமைப்புப் பணிகளைத் தாமதப்படுத்தும் தடைக்குக் குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்திலேயே கட்டுப்பாடு இருக்கிறது. பெஞ்சு சப்ளை அந்த மாதிரிப் பணி இல்லை என்று நீங்கள் வாதாடலாம். ஆனால் ஜூன் மாதம் பள்ளி திறக்கிறது, பிள்ளைகள் தரையில் உட்காருகிறார்கள் என்று அரசு வக்கீல் எழுந்து சொன்னால் தடை கிடைப்பது கஷ்டம்தான்.

நம் மாநிலத்திலேயே நடந்த யூஃப்ளெக்ஸ் வழக்கு நினைவில் இருக்கட்டும். மதுபாட்டில் ஹோலோகிராம் ஸ்டிக்கருக்கு ஆயத்தீர்வைத் துறை விட்ட டெண்டர் அது. ஹைகோர்ட்டின் இரு நீதிபதி அமர்வு டெண்டருக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. 2021 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியதோடு, எதிர்த்து வந்தவர்கள் மற்ற தரப்பின் வழக்குச் செலவையும் கட்ட வேண்டும் என்றது. போட்டிக்காரனை மறிப்பதற்காகவே வருகிற கேஸ் என்று தோன்றினால் இப்போதெல்லாம் வெறுமனே தள்ளுபடி செய்து அனுப்புவதில்லை.

எனக்கு ஈரோட்டுப் பக்கம் ஒரு கட்சிக்காரர் இருந்தார், ஆஸ்பத்திரிக் கட்டில் செய்பவர். இதே மாதிரி ஒரு நிபந்தனைக்கு எதிராக இடைக்காலத் தடை வாங்கிக் கொடுத்தேன். அன்று மாலை ஸ்வீட் பாக்ஸோடு வந்தார். மூன்று மாதம் கழித்து அந்த அலுவலகம் டெண்டரையே ரத்து செய்துவிட்டு, வார்த்தையை மாற்றி அதே நிபந்தனையோடு புதிதாக விட்டது. அதற்குள் ஆர்டரை நம்பி இரும்புத் தகடு வாங்கிப் போட்டிருந்தார், வட்டி ஓடிக்கொண்டிருந்தது. மறுபடி கேஸ் போடலாமா என்று நான் கேட்கவில்லை, அவரும் கேட்கவில்லை. இப்போது தனியார் ஆஸ்பத்திரிகளுக்குச் செய்து கொடுக்கிறார்.

கேஸ் போட்டாலும் போடாவிட்டாலும் இன்றைக்கே ஒரு வேலை இருக்கிறது. டெண்டர் தளத்தில் அறிவிப்பு வெளியான தேதியும் கடைசி நாளும் ஒன்றாகத் தெரியும் பக்கத்தைப் பிரிண்ட் எடுத்து வையுங்கள். திருத்த அறிவிப்பு வந்த பிறகு பழைய பக்கத்தைத் தேடிப் பிடிப்பது பெரும் பாடு. மூன்று வருட பெஞ்சு பில்கள், ஆடிட்டர் கையெழுத்திட்ட டர்ன்ஓவர் சான்று, பழைய உத்யம், புதிய உத்யம் நான்கும் ஒரே ஃபைலில் இருக்கட்டும். புதிய உத்யத்தை டெண்டரில் வைக்கும்போது 'ஆரம்பம் முதலே உற்பத்தியாளர்' என்று உறுதிமொழி எதுவும் எழுதிக் கொடுத்துவிடாதீர்கள். பொய் உறுதிமொழி என்று ஆகிவிட்டால் மத்திய டெண்டர்களில் இரண்டு வருடம் வரை ஒதுக்கி வைக்க விதி இருக்கிறது. பட்டறையில் உற்பத்தி எந்தத் தேதியில் ஆரம்பித்ததோ அந்தத் தேதியைத்தான் எழுத வேண்டும். முதல் இரும்புத் தகடு வாங்கிய பில் இருக்கிறதா, தேடிப் பாருங்கள்.